அமலோற்பவம் எழுதவிடாத ஒரு சொல்

ஆறு கடலில் சேரும் இடத்தை ஒட்டிய அந்த ஊரில் அமலோற்பவம் மதித்த மனிதர் யாரென்று கேட்டால் பதில் சொல்வது கஷ்டம். பங்குச்சாமியை மரியாதையாகக் கூப்பிடுவாள், அவ்வளவுதான். அவர் பிரசங்கத்தில் புயலையும் படகையும் பற்றிப் பேச ஆரம்பித்தால் உதட்டைப் பிதுக்கிக்கொண்டு தரையைப் பார்ப்பாள். மீன்வளத்துறை ஆபீசிலிருந்து வந்து கடலைப் பற்றி வகுப்பெடுக்கிறவர்களை அவளுக்குப் பிடிக்காது. கடலுக்குப் போகாத நாளில் சீட்டு விளையாடிக்கொண்டே, நாளைக்குக் காற்று எந்தப் பக்கம் திரும்பும் என்று சத்தியம் பண்ணுகிற ஆண்களைக் கண்டால் காறித் துப்பாத குறை.

அவள் தொழில் மீன். விடியக் கரையில் ஏலத்துக்கு எடுத்து, பெட்டியில் ஐஸ் போட்டு, ஏரல் பஸ்ஸில் ஏற்றிக்கொண்டு போய்க் கடைத்தெரு முக்கில் உட்காருவாள். அவளுக்கு இடப்பக்கம் உட்காருகிறவள் பெட்டியில் கிடக்கிற அத்தனை மீனையும் "இப்பத்தான் கரையேறிச்சு" என்று கூவுவாள். அமலோற்பவம் தன் கண்ணால் பார்க்கக் கரையேறியதை மட்டும்தான் அப்படிச் சொல்வாள். மற்றதை யாராவது கேட்டால், "செவுளைத் தூக்கிப் பாத்துக்கிடுங்க, எனக்குத் தெரியாது" என்பாள். ஆரம்பத்தில் பாதிப் பெட்டி திரும்பி வந்தது. போகப்போக ஏரல்காரர்கள் பழகிவிட்டார்கள். பாத்திரக்கடை அகமது மீரான் அண்ணாச்சி அவளிடம் தவிர வேறு யாரிடமும் வாங்குவதில்லை. "இவ தெரியாதுன்னா நிசமாவே தெரியாது. மத்தவளுவ எல்லாம் தெரிஞ்ச மாதிரி பொய் சொல்லுதாளுவ" என்று அவர் சொல்வதைக் கேட்டும் அமலோற்பவம் சிரித்தது கிடையாது. வாங்குகிறவர் புகழ்ந்தால் அடுத்து விலையைக் குறைக்கச் சொல்வார் என்று அவளுக்கு எண்ணம்.

இந்தக் குணம் பிறவியில் வந்ததில்லை. புருஷன் லூர்து காணாமல் போனபிறகு வந்தது.

லூர்து, பெரிய தொம்மையின் ஐந்து பிள்ளைகளில் நாலாவது. தொம்மையின் அக்காள் மரியதங்கம். அந்த மரியதங்கத்தின் மூத்த மகன்தான் கோயிலில் செபம் சொல்லிக்கொடுத்து மணி அடிக்கும் உபதேசியார் இன்னாசி. ஆக லூர்துவுக்கு இன்னாசி அத்தை மகன். அமலோற்பவத்துக்கு அண்ணன் முறை. அந்த முறை இருந்ததால்தான் பின்னால் நடந்த பேச்செல்லாம் நடந்தது. வேறு ஒருத்தி அப்படிப் பேசியிருந்தால் உபதேசியார் அவளைக் கோயில் வாசலோடு திருப்பி அனுப்பியிருப்பார்.

பதினேழு வருஷத்துக்கு முன்னால், ஒரு ஐப்பசியில், மூன்று பேராக ஒரு வள்ளத்தில் போனார்கள். மறுநாள் தூத்துக்குடி விசைப்படகு ஒன்று இரண்டு பேரைத் தூக்கிக்கொண்டு வந்தது. லூர்து வரவில்லை. தப்பி வந்தவர்களில் ஒருவன், லூர்துவை அலை அடித்துக்கொண்டு போனதைப் பார்த்தேன் என்றான். மற்றவன், டீசல் கேனைக் கட்டிப்பிடித்துக்கொண்டு நீந்திப் போனதைப் பார்த்தேன் என்றான். ஒரு வாரம் கழித்துக் கேட்டால் இவன் சொன்னதை அவன் சொன்னான், அவன் சொன்னதை இவன் சொன்னான். இரண்டு பேரும் ஒன்றையும் பார்க்கவில்லை என்று அமலோற்பவம் அன்றைக்கே முடிவு கட்டினாள்.

ஒன்பதாம் நாள் தொம்மை கோயிலுக்குப் போய்ச் சாவு மணி அடிக்கச் சொன்னார். பங்குச்சாமி அப்போது ஊரில் இல்லை. கோயில் பொறுப்பு உபதேசியார் கையில் இருந்தது. இன்னாசி மறுத்துவிட்டார்.

"உடல் வரலை மாமா. செத்தாச்சுன்னு யாருக்குத் தெரியும்? கோயில் தனக்குத் தெரியாததைச் சொல்லாது."

கிழவர் அழுதுகொண்டே திரும்பி வந்தார். ஊர் உபதேசியாரைத் திட்டியது. அமலோற்பவம் திட்டவில்லை. அந்த ஆள் வாயிலிருந்து வந்த ஒரே சரியான வார்த்தை அதுதான் என்று அவளுக்குத் தோன்றியது. அதைச் சொன்ன ஆளைத்தான் அவளால் சகிக்க முடியவில்லை.

அதற்குப் பிறகு அவள் வீட்டுக்கு வந்து போனவர்களைச் சொல்லி முடியாது. கொழும்பில் ஒரு கடையில் பார்த்தேன் என்று ஒருவன். மாலத்தீவு ஜெயிலில் தமிழ் ஆட்கள் நாலு பேர் இருக்கிறார்கள் என்று ஒருவன். கனவில் நனைந்த சட்டையோடு வந்து தண்ணீர் கேட்டான் என்று சின்ன நாத்தனார். தாலியைக் கழற்று என்று ஒரு கூட்டம், கழற்றாதே என்று ஒரு கூட்டம். அமலோற்பவம் கழற்றவில்லை. "திரும்பி வருவாவன்னு நம்பிக்கையா?" என்று கேட்ட கொழுந்தன் பெண்டாட்டியிடம், "அதெல்லாம் கிடையாது. போட்டது கிடக்கு" என்றாள். ஏழு வருஷம் கழிந்ததும் சர்க்கார் அவன் இறந்துவிட்டதாகக் காகிதம் கொடுத்தது. அதை வாங்கிப் பெட்டியின் அடியில் போட்டாள். ஏழு வருஷம் தெரியாமல் இருந்தது எட்டாவது வருஷம் சர்க்காருக்கு மட்டும் எப்படித் தெரிந்தது என்று தாசில்தார் ஆபீஸ் குமாஸ்தாவைக் கேட்டதற்கு, அவர் அடுத்த ஆளைக் கூப்பிட்டார்.

லூர்து போனபோது ஏழு வயதாக இருந்த மகள் ரெனிஷா பாளையங்கோட்டையில் நர்ஸ் ஆனாள். அவளுக்கு மாப்பிள்ளை, அமலோற்பவத்தின் ஒன்றுவிட்ட அண்ணன் சூசையின் மகன் எட்வின். கப்பலில் இன்ஜின் பக்கம் வேலை. ஒன்பது மாதம் கடல், மூன்று மாதம் ஊர். ஊரில் இருக்கிற மூன்று மாதமும் கையில் போனை வைத்துக்கொண்டு, கேட்காதவர்களுக்கெல்லாம் உலக விஷயம் சொல்லிக்கொண்டிருப்பான். அமலோற்பவம் அவனைப் பற்றி ஒன்றும் பெரிதாக நினைக்கவில்லை. மகளுக்குப் பிடித்திருந்தது. குடிப்பதில்லை. அது போதும்.

கோயிலில் மூன்று ஞாயிறு ஓலை வாசித்தால்தான் கல்யாணம். இன்னார் மகனுக்கும் இன்னார் மகளுக்கும் திருமணம், தடை ஏதும் தெரிந்தவர்கள் சொல்லலாம் என்று பூசைக்கு நடுவில் வாசிப்பார்கள். கார்த்திகை நடுவில் திருவருகைக் காலம் தொடங்கிவிடும்; கிறிஸ்துமஸ் வரை கல்யாணம் வைப்பதில்லை. எட்வின் டிசம்பர் பத்தாம் தேதி கப்பல் ஏற வேண்டும். ஆக வருகிற ஞாயிற்றுக்கிழமை முதல் ஓலை வாசிக்காவிட்டால் இந்த வருஷம் கல்யாணம் இல்லை. சூசையின் பெண்டாட்டி ஏற்கெனவே மணப்பாட்டில் ஒரு வசதியான பெண்ணைப் பற்றி விசாரித்துக்கொண்டிருந்தது அமலோற்பவத்துக்குத் தெரியும். ஒன்பது மாதம் என்பது அந்த அம்மாளுக்குத் தாராளமான நேரம்.

அதனால் சனிக்கிழமை காலை ஏரல் போகாமல், மகளையும் எட்வினையும் கூட்டிக்கொண்டு கோயிலை ஒட்டிய உபதேசியார் அறைக்குப் போனாள்.

ஓலை எழுதுமுன் பெண்ணும் மாப்பிள்ளையும் உபதேசியார் முன்னால் செபங்களை ஒப்பிக்க வேண்டும். இன்னாசி இதற்காகவே பிறந்தவர். நாற்பது வருஷமாக அந்த மேசைக்குப் பின்னால் உட்கார்ந்து, கடலில் சூறைக்காற்றுக்குப் பயப்படாத ஆண்களை வேர்க்க வைத்திருக்கிறார். முக்கால்வாசிப் பேர் பத்துக் கட்டளையில் ஆறோடு நின்றுவிடுவார்கள். இன்னாசி மூக்குக் கண்ணாடிக்கு மேலே பார்த்து, "மாடுகூட ஏழு நாள் சொல்லிக் குடுத்தா கேக்கும்" என்பார்.

ரெனிஷா ஒரு இடத்தில் திக்கினாள். எட்வின் எல்லாவற்றையும் நிறுத்தாமல் சொல்லி முடித்தான். அப்படிச் சொன்ன மாப்பிள்ளையை இன்னாசி பத்து வருஷமாகப் பார்த்ததில்லை. மனம் குளிர்ந்து, சாப்பிட்டாயா என்று கேட்கிற மாதிரி ஒரு கேள்வி கேட்டார்.

"இதெல்லாம் விசுவசிக்கியாலே?"

"அதைத்தான் பெரியப்பா சொல்ல முடியல" என்றான் எட்வின்.

"என்னது?"

"கடவுள் இருக்காருன்னும் எனக்குத் தெரியல. இல்லன்னும் தெரியல."

இன்னாசி பேனாவை மூடி வைத்தார். "ஏலே, நீ நாத்திகனா?"

"கடவுள் இல்லன்னு சொல்லுதவன்தான் நாத்திகன். நான் அப்படிச் சொல்லலியே."

"அப்ப இருக்காருங்கியா?"

"அதையும் சொல்லல."

"அப்ப என்னலே நீ? ரெண்டுங்கெட்டானா?"

"அதுக்குப் பேரு இருக்கு பெரியப்பா. அறியொணாவாதி." எட்வின் போனை எடுத்து அந்தச் சொல்லைக் காட்டினான். மேசைக்கு மேல் போனை நீட்டியபோது அவன் முகத்தில் இருந்த சந்தோஷத்தை அமலோற்பவம் பார்த்தாள். புதுக் கைக்கடிகாரம் காட்டுகிறவன் முகம்.

இன்னாசி போனைத் தொடவில்லை. தன் நோட்டைத் திருப்பினார். கத்தோலிக்கர், பிரிவினைச் சபையார், பிற மதத்தார், நாத்திகர் என்று அதில் அவரே கோடு போட்ட நாலு கட்டங்கள் இருந்தன. "இங்கன நாலுதான் இருக்கு. உனக்குன்னு அஞ்சாவது போட முடியாது. நாத்திகன்னு போடுதேன். பிஷப்கிட்டருந்து அனுமதி வந்தபிறகு ஓலை. ரெண்டு மாசம் ஆவும்."

ரெனிஷா எட்வினைப் பார்த்தாள். கப்பலிலிருந்து போனில் அவளிடம் இதையெல்லாம் முன்பே சொல்லியிருக்கிறான். கோயிலில் வைத்துச் சொல்லுவான் என்று அவள் நினைக்கவில்லை.

அமலோற்பவம் சுவரோரப் பெஞ்சில் இருந்தபடியே கேட்டாள். "ஏய்யா எட்வினு, உனக்குத் தெரியாதுங்கியா, ஒருத்தருக்குமே தெரியாதுங்கியா?"

"ரெண்டும் ஒண்ணுதான மாமி."

"எப்படி ஒண்ணு? நான் ஏலத்துல எடுத்த சீலா எப்ப வலையில பட்டுச்சுன்னு எனக்குத் தெரியாது. பிடிச்சவனுக்குத் தெரியும்."

எட்வின் கொஞ்சம் யோசித்தான். யோசிக்க வேண்டியிருந்தது அவனுக்கே ஆச்சரியமாக இருந்த மாதிரி இருந்தது. "இந்த விஷயத்துல ஒருத்தருக்கும் தெரிய முடியாது மாமி. மனுசன் அறிவுக்கு அது எட்டாது."

"அது உனக்கு எப்படித் தெரிஞ்சுது? எல்லார்கிட்டயும் கேட்டுட்டு வந்தியா?"

இன்னாசி மேசையைத் தட்டிச் சிரித்தார். "கேளு தங்கச்சி, நல்லாக் கேளு."

"நீங்க சிரிக்காதிய அண்ணே. உங்களுக்குத் தெரியுமா?"

"என்ன கேள்வி இது? தெரியும்."

"பாத்தியளா?"

"விசுவசிக்கேன்."

"அதைத்தான் கேக்கேன். தெரிஞ்சா அப்புறம் எதுக்கு விசுவசிக்கணும்? கோயில்ல நாம சொல்லுத செபத்துல விசுவசிக்கிறேன்னுதான் வருது. தெரியும்னு ஒரு இடத்துலயும் வரலை. சொல்லிக் குடுத்தது நீங்கதான். தெரியாமத்தான் சொல்லிக் குடுத்தியளோ என்னவோ."

இன்னாசியின் சிரிப்பு போய்விட்டது. அதற்குள் ரெனிஷா மேசையில் கிடந்த அச்சுப் படிவத்தை இழுத்து மேலிருந்து கீழ்வரை வாசித்திருந்தாள். "மாமா, இதுல ஞானஸ்நானம் எடுத்த தேதி, உறுதிபூசுதல் தேதி, இதுதான் கேட்டிருக்கு. விசுவசிக்கியான்னு கேள்வியே இல்ல."

"அது நான் கேக்குத கேள்வி."

"பேப்பர்ல இல்லாததை எதுக்குக் கேட்டிய?"

"கேட்டாச்சுல்லா. காதுல விழுந்தாச்சு. விழாத மாதிரி எழுத முடியுமா?" இன்னாசி படிவத்தைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டார். நாற்பது வருஷமாகக் கேட்டு வந்த கேள்வி, எந்தக் காகிதத்திலும் இல்லாதது என்பது அவருக்கே அன்றைக்குத்தான் உறைத்திருக்க வேண்டும். "அவன் பக்கம் கிடக்கட்டும். சாமிகிட்ட கேட்டுக்கிடுதேன். பொண்ணு பக்கத்தை முடிப்போம்."

பெண் பெயர் எழுதினார். தாய் பெயர் எழுதினார். யாரையும் கேட்காமல், தலையையும் நிமிர்த்தாமல், தகப்பன் பெயருக்கு முன்னால் ஒரு சொல் எழுதினார். அமலோற்பவம் ஐந்தாம் வகுப்புத்தான். என்றாலும் எதிர்ப்பக்கம் இருந்து எழுத்தைத் தலைகீழாக வாசிப்பதில் ஏலக் கணக்கப்பிள்ளைகளிடம் பழகியவள்.

"என்ன எழுதுதிய?"

"காலஞ்சென்ற லூர்து."

"யாரு சொன்னது?"

"யாரு சொல்லணும்? சர்க்காரே எழுதிக் குடுத்துருக்கு."

"அது சர்க்காருக்குத் தெரிஞ்சது. கோயிலுக்கு எப்பத் தெரிஞ்சுது?"

இன்னாசி பெருமூச்சு விட்டார். "பதினேழு வருசம் ஆச்சு அமலம்."

"பதினேழு வருசம் ஆனா தெரிஞ்சுருமா? அப்ப இவனையும் பதினேழு வருசம் உக்கார வைங்க. கடவுள் விஷயமும் தெரிஞ்சுரும்."

"சரி, உயிரோட இருக்காவன்னு எழுதவா?"

"அதையும் எழுதக்கூடாது."

"ரெண்டுல ஒண்ணு எழுதாம எப்படி ஓலை வாசிக்க?" இன்னாசிக்குக் கோபம் வந்துவிட்டது. "மாப்பிள்ளை அறியொணாவாதி, மாமியாரும் அறியொணாவாதி. நல்ல குடும்பம். இந்தப் பேப்பரை இப்படியே மடிச்சு வைக்கேன். அடுத்த வருசம் பாப்போம்."

மகள் முகம் வெளுத்ததை அமலோற்பவம் பார்த்தாள். அந்த முகத்தைப் பார்த்தபடி, ஒரு சொல்தானே, எழுதித் தொலைக்கட்டும் என்று அவளுக்கு வந்தது. வாய் வரைக்கும் வந்துவிட்டது. அந்த நேரத்தில் எட்வின் மேசையில் சாய்ந்துகொண்டு, அவளுக்கு உதவி செய்கிற குரலில் பேசினான்.

"மாமி, இது வெறும் ஃபார்முதான. காலஞ்சென்றன்னு போட்டா என்ன ஆயிரப்போவுது? ஒரு சம்பிரதாயத்துக்குத்தான. ரெனிஷாவுக்காகப் போடுங்க."

அமலோற்பவம் அவனை நேராகப் பார்த்தாள். மீனை எடுத்துத் திருப்பிப் பார்த்துவிட்டுத் திரும்பப் பெட்டியில் போடுகிற பார்வை.

"ஏம்லே, இப்ப ஒரு நிமிசத்துக்கு முன்னால ஆமான்னு ஒரு சொல்லு கேட்டாரு உன்கிட்ட. அதுவும் சம்பிரதாயத்துக்குத்தான் கேட்டாரு. ரெனிஷாவுக்காகச் சொல்லியிருக்கலாம்லா? உனக்கு வாய் வரலை. பொய் சொல்ல மாட்டேன்னு போனை நீட்டுன. என் புருசன் விஷயத்துல மட்டும் நான் பொய் சொல்லணும். நீ கப்பலுக்கு அடியில இன்ஜினைப் பாத்துட்டு மாசச் சம்பளம் வாங்குத. உன்னோட 'தெரியாது' எவனையும் எங்கயும் கடிக்கல. ரெண்டு பேருகூட வம்பளக்க அது ஒரு சாமான். நான் பதினேழு வருசமா அதோட ஒரே வீட்டுல கெடக்கேன். அதுக்கு ஒரு பேரு வைக்கணும்னு எனக்குத் தோணல பாத்துக்க."

எட்வின் போனைச் சட்டைப் பைக்குள் போட்டான். 

அவள் இன்னாசி பக்கம் திரும்பினாள். "அண்ணே, காலஞ்சென்றன்னே எழுதுங்க. நான் தடுக்கல. ஆனா முதல்ல வெளிய போயி மணியை அடிங்க. அன்னைக்கு எங்க மாமா வந்து கேட்டப்ப அடிக்க மாட்டேன்னிய பாருங்க, அந்த மணியை. கோயில் தனக்குத் தெரியாததைச் சொல்லாதுன்னிய. இப்பத் தெரிஞ்சிட்டுன்னா அடிங்க. ஊரு கேக்கட்டும். நானும் இங்கன வச்சே தாலியைக் கழத்துதேன்."

மணிக்கயிறு ஜன்னலுக்கு வெளியே, கையெட்டும் தூரத்தில் தொங்கியது. இன்னாசி எழுந்தார். இரண்டடி வைத்தார். நின்றார். அவருக்கு எழுபதுக்கு மேல் ஆகிறது. ஊரில் பாதிப் பேருக்கு அவர் அடித்த மணிதான் கடைசி மணி. பிரேதத்தைக் கண்ணால் பார்க்காமல் ஒரு நாளும் அந்தக் கயிற்றைத் தொட்டதில்லை. அந்த ஒரு விஷயத்தில் அவரை யாரும் குறை சொல்ல முடியாது.

திரும்பி வந்து உட்கார்ந்தார். "எப்படி அடிக்க?" என்றார்.

"ஏன்?"

"தெரியாதுல்லா."

"அப்பாடா" என்றாள் அமலோற்பவம். "நாப்பது வருசத்துல உங்க வாயில இதை இப்பத்தான் கேக்கேன்."

இன்னாசி அந்தப் படிவத்தைக் கிழிக்காமல் நாலாக மடித்து இழுப்பறைக்குள் போட்டார். அலமாரியிலிருந்து புதிதாக ஒன்றை எடுத்தார். தகப்பன் என்ற இடத்தில் லூர்து என்று மட்டும் எழுதினார். முன்னாலும் ஒன்றும் இல்லை, பின்னாலும் ஒன்றும் இல்லை. பிறகு பழைய ஞானஸ்நானப் பதிவேட்டைத் தூக்கி வந்து, எட்வினுக்குத் தண்ணீர் ஊற்றிய தேதியைத் தேடிப் பிடித்து, எண்ணோடு எழுதினார். அது அவர் கண்ணால் பார்த்தது. குழந்தை அன்றைக்கு அவர் வேட்டியை நனைத்திருந்தது. வேறு எதையும் எட்வினிடம் கேட்கவில்லை. கையெழுத்து வாங்கும்போது மட்டும் முணுமுணுத்தார்: "அறியொணாவாதியாம். செபத்தை மட்டும் தப்பில்லாமச் சொல்லுதான் மூதி."

ஞாயிறு காலைப் பூசையில் பங்குச்சாமி ஓலை வாசித்தார். லூர்து, அமலோற்பவம் ஆகியோரின் மகள் ரெனிஷா. பெண்கள் பக்கம் சலசலப்பு ஒன்று முன்வரிசையிலிருந்து பின்வரிசை வரை போனது. பூசை முடிந்து வாசலில் செருப்பைத் தேடும்போது சின்ன நாத்தனார் கையைப் பிடித்தாள்.

"மதினி, காலஞ்சென்றன்னு வாசிக்கலையே. சாமி மறந்துட்டாரா?"

"மறக்கல."

"அப்ப அண்ணன் உயிரோட இருக்காவன்னு உங்களுக்குச் சேதி வந்துருக்கா?"

"அப்படியும் வாசிக்கலையே. நீ நனைஞ்ச சட்டையைக் கனவுல பாத்தவ. உனக்குத் தெரியாததா?"

சாயங்காலம் எட்வின் வீட்டுக்கு வந்தான். ரெனிஷா காபி கொண்டு வந்து வைத்துவிட்டு உள்ளே போய்விட்டாள். அவன் டம்ளரை ஓரமாக நகர்த்தினான்.

"மாமி, நேத்து நான் சொன்னது..."

"கல்யாணத்துக்கு முன்னால பாவசங்கீர்த்தனம் பண்ணணும். வெள்ளிக்கிழமை சாமி உக்காருதாரு. அங்கன போயிச் சொல்லு. என்கிட்ட எதுக்கு?"

"தெரியாதுன்னு சொன்னது பாவமா மாமி?"

"அது சாமிக்கும் உனக்கும் உள்ள வழக்கு. நான் அதைச் சொல்லல. காலஞ்சென்றன்னு எழுதச் சொன்னியே, அதைச் சொல்லு."

வெள்ளிக்கிழமை அவன் போனான். ரெனிஷாதான் வந்து சொன்னாள். அமலோற்பவம் ம் என்றாள். மறுநாளைக்குப் பெட்டி கழுவிக்கொண்டிருந்தாள். மூன்று ஓலையும் வாசித்து, தடை என்று யாரும் வராமல், நவம்பர் இருபத்தாறாம் தேதி கல்யாணம் நடந்தது. வாசலிலிருந்து பீடம் வரை பெண்ணைக் கைப்பிடித்துக் கூட்டிப்போக அமலோற்பவமே நின்றாள். தகப்பன் இடத்துக்கு ஓர் ஆண்பிள்ளை வேண்டும் என்று சொல்ல இன்னாசி வாயைத் திறந்தார். அவள் திரும்பிப் பார்த்தாள். அவர் பாட்டுப் புத்தகத்தைப் புரட்ட ஆரம்பித்தார்.